பத்திரம் யார் கையில் இருந்தது? குடும்பச் சொத்து வழக்குகளில் வழக்குரைத் திருத்தத்தின் எல்லைகள்

பிள்ளைப்பாக்கத்தில் ஒரு மனைக்குச் சொத்து விவரம் எழுதுவது எளிய வேலையல்ல. தாய்ப்பத்திரத்தில் புஞ்சையாக இருந்த நிலம் பின்னால் லேஅவுட் போட்டு மனையாகியிருக்கும். புல எண் உட்பிரிவாகிப் புதுப் பட்டா வந்திருக்கும். நான்கெல்லையில் 'மேற்கே வண்டிப்பாதை' என்று எழுதிய இடத்தில் இன்று கன்டெய்னர் லாரி ஓடும். பக்கத்து நிலம் சிப்காட் தொழிற்பூங்காவுக்குப் போயிருக்கும். நம் நிலத்திலும் ஒரு துண்டு சேர்ந்து போயிருக்கலாம். கணவனும் மனைவியும் ஆளுக்கொரு ஆலையில் ஷிஃப்ட் பார்த்து, இரண்டு சம்பளத்திலும் தவணை கட்டி வாங்கிய மனைகள் ஸ்ரீபெரும்புதூர்–ஒரகடம் பகுதியில் ஏராளம். மணவாழ்க்கை முறிந்து அந்த மனை வழக்காகும்போது, முதலில் தாக்கல் செய்த வழக்குரையில் ஏதாவது விடுபடாமல் இருப்பது அரிது. உட்பிரிவு எண் தவறியிருக்கும். நகையை விற்று முன்பணம் கொடுத்த விவரம் வந்திருக்காது. பாதிப் பங்கு கேட்டிருப்பார்கள். கணவர் தம்பிக்கு எழுதிவைத்த தானசெட்டில்மென்ட் பத்திரம் செல்லாது என்று கேட்டிருக்க மாட்டார்கள்.

பிறகு ஒரு நாள் இடைக்கால மனு வரும். உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் 6-ஆம் கட்டளை, 17-ஆம் விதி. கோர்ட் வளாகத்தில் 'ஆர்டர் 6 ரூல் 17' என்றால் எல்லாருக்கும் தெரியும். வழக்குரையையோ எதிருரையையோ திருத்த அனுமதி கேட்கும் மனு அது. எதிர்த்தரப்பு உடனே 'காலம் கடந்துவிட்டது, வழக்கின் தன்மையே மாறுகிறது, வழக்கை இழுத்தடிக்கவே இந்த மனு' என்று எதிருரை போடும். இந்த மூன்று ஆட்சேபங்களும் எப்போது நிற்கும், எப்போது நிற்கக்கூடாது என்பதுதான் கேள்வி. தீர்ப்புகளை அடுக்கிப் பார்த்தால் ஒரு முடிவுக்கு வரலாம் என்று நினைக்கிறேன். தாமதமான திருத்தத்தை அனுமதிக்க விதி வைக்கும் 'உரிய கவனம்' என்ற அளவுகோல், கடைக்காரரும் வாடிக்கையாளரும் மோதும் வழக்கில் எல்லாருக்கும் ஒன்றாக இருக்கலாம். ஒரே வீட்டுக்குள் எழும் வழக்கில் அது ஒன்றாக இருக்க முடியாது. அங்கே முதலில் கேட்க வேண்டியது, பத்திரமும் கணக்கும் யார் கையில் இருந்தன என்பதே.

எந்த நீதிமன்றம் என்பதை முதலில் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். 1984-ஆம் ஆண்டின் குடும்ப நீதிமன்றங்கள் சட்டம், 7-ஆம் பிரிவின் விளக்கத்தில், திருமணத் தரப்பினரான இருவருக்கிடையே அவர்களின் சொத்தோ அவர்களில் ஒருவரின் சொத்தோ தொடர்பாக எழும் வழக்குகளைக் குடும்ப நீதிமன்றத்திடம் ஒப்படைத்திருக்கிறது. மணவிலக்கு ஆனபிறகும் இந்த அதிகாரம் போய்விடுவதில்லை என்று கேரளத்திலிருந்து சென்ற அப்துல் ஜலீல் வழக்கில் 2003-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. அண்ணன் தங்கை பாகப்பிரிவினையோ மாமனார் சொத்துத் தகராறோ இதில் வராது. அவை முன்சீப் அல்லது சார்பு நீதிமன்றத்துக்குரியவை. திருத்த மனுக்களில் பெரிய சறுக்கல் நேர்வது இங்கேதான். கணவர் மீது போட்ட வழக்கில் பிற்பாடு மாமியாரையும் கொழுந்தனையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்த்து, அவர்கள் பெயரில் உள்ள நிலத்துக்கும் பங்கு கேட்டுத் திருத்தினால், வழக்கு அந்த நீதிமன்றத்தின் அதிகார எல்லையையே தாண்டிப்போகக்கூடும். அனுமதி கிடைத்தாலும் வழக்குரை திருப்பித் தரப்படும் அபாயம் உண்டு. திருத்தத்தின் முதல் எல்லை காலம் அல்ல, அதிகார வரம்பு.

இனி விதியின் வரலாறு. 1908-இல் எழுதப்பட்டபோது விதி தாராளமாக இருந்தது. வழக்கின் எந்தக் கட்டத்திலும் திருத்தலாம். தரப்பினருக்கிடையே உள்ள உண்மையான தகராறைத் தீர்க்கத் தேவையான திருத்தங்கள் எல்லாவற்றையும் நீதிமன்றம் அனுமதிக்க வேண்டும். வழக்குகள் ஆண்டுக்கணக்கில் இழுப்பதற்கு இந்தத் தாராளமே ஒரு காரணம் என்று கருதி, 1999-ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் விதியையே நீக்கியது. வழக்கறிஞர்கள் கொதித்தெழுந்தார்கள். 2002-ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் விதியை ஒரு வரம்புரையோடு மீட்டுக்கொண்டு வந்தது. அது 2002 ஜூலை 1 முதல் நடப்பிலிருக்கிறது. விசாரணை தொடங்கிய பிறகு திருத்தம் கூடாது. உரிய கவனம் எடுத்திருந்தும் அதற்கு முன் அந்த விஷயத்தை எழுப்பியிருக்க முடியாது என்று நீதிமன்றம் முடிவுக்கு வந்தால் மட்டுமே விலக்கு. இந்தச் சட்டத்திருத்தங்களை எதிர்த்து உச்ச நீதிமன்றம் சென்றது நம் சேலம் வழக்கறிஞர் சங்கம். 2005 ஆகஸ்டில் வந்த தீர்ப்பு, எந்தக் கட்டத்திலும் திருத்தலாம் என்ற கட்டற்ற விருப்புரிமையை வரம்புரை ஓரளவு குறைக்கிறது என்று சொல்லி அதை ஏற்றது. அங்கே இருந்த 'ஓரளவு' என்ற சொல் பின்னால் பல தீர்ப்புகளில் காணாமல் போய்விட்டது.

விசாரணை எப்போது தொடங்குகிறது? இதற்கு ஒரே விடை இல்லை. எழுவினாக்கள் வனையப்படும் நாளில் என்று 2005-இல் ஒரு தேர்தல் வழக்கில் கூறப்பட்டது. சாட்சி விசாரணை தொடங்கும்போது என்று 2006-இல் பல்தேவ் சிங் வழக்கு. முதல் விசாரணைக்குப் பதிலாக நிரூபண வாக்குமூலம் தாக்கலாகும் நாள் என்று 2008 டிசம்பரில் வித்யாபாய் வழக்கு; நடைமுறையில் இன்று பெரும்பாலும் பின்பற்றப்படுவது இதுவே. ஒரு குடும்பப் பாகப்பிரிவினை வழக்கில், சாட்சியத்துக்கு நாள் குறித்தபின்னும் சாட்சியம் உண்மையில் தொடங்கவில்லை என்பதைக் கணக்கில் எடுத்து 2017-இல் உச்ச நீதிமன்றம் திருத்தத்தை அனுமதித்திருக்கிறது. குடும்ப நீதிமன்றத்தில் இது வாதிக்குச் சாதகமான செய்தி. குடும்ப நீதிமன்றங்கள் சட்டத்தின் 9-ஆம் பிரிவின்படி அங்கே முதலில் சமரச முயற்சி நடக்கும்; கலந்தாய்வு வாய்தாக்கள் மாதக்கணக்கில் போகும். அந்த மாதங்கள் விசாரணைக்கு முந்தியவை. அந்த இடைவெளியில் வில்லங்கச் சான்றும் அ-பதிவேட்டு நகலும் வாங்கிப் பார்த்து வழக்குரையைச் சரிசெய்துகொண்டால் வரம்புரை குறுக்கே வராது. கலந்தாய்வு நடக்கிறதே, வழக்கைக் கிளறவேண்டாம் என்று பலர் காத்திருக்கிறார்கள். நல்லெண்ணத்தோடு செய்வதுதான்; ஆனால் பின்னால் அதுவே கவனக்குறைவு என்று எழுதப்படுகிறது.

உரிய கவனம் என்பதுதான் இந்தப் பிரச்சினையின் மையம். 'சார், பத்திரத்தை நான் கண்ணால பார்த்ததில்ல. பீரோ சாவி மாமியார்கிட்ட இருந்துச்சு.' வழக்கறிஞர் அலுவலகத்தில் பெண்கள் சொல்லும் வாக்கியம் இது. மனை வாங்கிய அன்று சார்பதிவகத்தில் சாட்சிக் கையெழுத்துகூடப் போடாதவர், புல எண்ணையும் உட்பிரிவையும் திருமணப் பத்திரிகையைப் பார்த்துத் தெரிந்துகொள்ள முடியாது. கிராமத்தின் பெயரும் கணவரின் பெயரும் தெரிந்தால் தேடிப்பார்க்கலாமே என்று எதிர்த்தரப்பு கேட்கும். பட்டா கணவரின் அப்பா பெயரில் கூட்டாக இருந்தால்? வாங்கியது பவர் ஏஜென்ட் மூலமாக வேறொரு பெயரில் என்றால்? தேடுவதற்கே ஒரு நுனி வேண்டும்.

அந்த நுனி பல வழக்குகளில் ஜீவனாம்ச மனுவிலிருந்து கிடைக்கிறது. 2020 நவம்பர் 4 அன்று ரஜ்னேஷ் வழக்கில் உச்ச நீதிமன்றம், ஜீவனாம்ச வழக்குகளில் இரு தரப்பும் தங்கள் சொத்துகளையும் கடன்களையும் உறுதிமொழிப் பத்திரமாகத் தாக்கல் செய்ய வேண்டும் என்று உத்தரவிட்டது. கணவரின் அந்தப் பட்டியலில்தான் மனைவி முதன்முதலாக இன்ன கிராமத்தில் இன்ன மனை என்று படிக்கிறார். அந்தத் தேதிக்குப் பிறகு நியாயமான காலத்துக்குள் திருத்த மனு வந்தால், நிரூபண வாக்குமூலம் தாக்கலாகியிருந்தாலும் அதை உரிய கவனம் என்றே எடுத்துக்கொள்ள வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. வரம்புரையின் சொற்களே அதற்கு இடம் தருகின்றன: எழுப்பியிருக்க முடியுமா என்றுதான் அது கேட்கிறது. காகிதம் கையில் இல்லாதவரால் முடிந்திருக்காது.

இதே தராசில் மறுபக்கத்தையும் வைத்தாக வேண்டும். தெரிந்திருந்தும் சொல்லாமல் விட்டவருக்கு இந்த இரக்கம் பொருந்தாது. 2024 பிப்ரவரி 29 அன்று பசவராஜ் வழக்கில் நடந்ததைப் பாருங்கள். அது பாகப்பிரிவினை வழக்கு. 2004-இல் ஏற்பட்ட ஒரு சமரசத் தீர்ப்பாணை செல்லாது என்று அறிவிக்கும்படி கேட்கும் பரிகாரத்தை, சாட்சியம் முடிந்து வாதம் நடக்கும் நேரத்தில் சேர்க்கக் கேட்டார்கள். காரணமாகச் சொன்னது கவனப்பிசகு மட்டுமே. உயர் நீதிமன்றம் செலவுத்தொகை விதித்து அனுமதித்தது. உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. கவனப்பிசகு என்பது உரிய கவனம் ஆகாது, பாகப்பிரிவினை வழக்கு விளம்புகை வழக்காக மாறிவிடும், காலவரம்பும் கடந்துவிட்டது என்பவை காரணங்கள். சமரசத் தீர்ப்பாணை இருப்பது அறிந்தே வழக்காடியவர்கள் அவர்கள். என் பார்வையில் அந்தத் தீர்ப்பு சரி. ஆனால் அதை எடுத்துக்கொண்டு, புல எண்ணைத் திருத்தக் கேட்கும் மனுவையும் தள்ளுபடி செய்யக் கேட்பது சரியல்ல. அதே ஆண்டு செப்டம்பரில், ஒரு தாயின் உயிலைச் சுற்றி உடன்பிறந்தவர்களுக்குள் நடந்த வழக்கில், உயிலின் உண்மைத்தன்மையை எழுப்பும் திருத்தத்தை உச்ச நீதிமன்றம் அனுமதித்தது. உயில் உண்மையா என்று பார்க்காமல் பங்கைத் தீர்மானிக்க முடியாது அல்லவா?

காலவரம்பு அடுத்த எல்லை, கடுமையானதும்கூட. திருத்தம் அனுமதிக்கப்பட்டால் அது வழக்குத் தாக்கலான நாள் முதலே இருந்ததாகக் கருதப்படும் என்பது பொதுவிதி. அப்படியானால், புதிய வழக்காகப் போட்டால் காலாவதியாகியிருக்கும் ஒரு பரிகாரம் பின்வாசல் வழியாக உயிர்பெற்றுவிடும். எதிர்த்தரப்புக்கு ஏற்பட்டுவிட்ட உரிமை பறிபோகும். ஒரு பத்திரத்தை ரத்து செய்யக் கேட்கவும் உரிமை விளம்புகை கேட்கவும் 3 ஆண்டு. உரிமையின் பேரில் சுவாதீனம் கேட்க 12 ஆண்டு. இந்தச் சிக்கலுக்கு நல்ல வழி காட்டியது தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு வழக்கு: சம்பத் குமார் எதிர் அய்யாக்கண்ணு, 2002. வாதி 1988-இல் விவசாய நிலத்துக்கு உறுத்துக்கட்டளை மட்டும் கேட்டு வழக்குப் போட்டார். 1989 ஜனவரியில் தன்னை வெளியேற்றிவிட்டார்கள் என்று சொல்லி, 1999-இல், விசாரணை தொடங்குமுன், உரிமை விளம்புகையும் சுவாதீனமும் சேர்க்கக் கேட்டார். கீழ் நீதிமன்றமும் உயர் நீதிமன்றமும் மறுத்தன. உச்ச நீதிமன்றம் அனுமதித்தது. தனி வழக்காகப் போடக்கூடிய ஒன்றை இந்த வழக்கிலேயே சேர்ப்பதில் தவறில்லை. ஆனால் புதிய பரிகாரம் 1988-இல் அல்ல, திருத்த மனு தாக்கலான நாளில்தான் கேட்கப்பட்டதாகக் கணக்கு.

அந்த நிபந்தனை குடும்ப வழக்குகளுக்கு மிகப் பொருத்தமானது. மனுவை மறுத்தால் மனைவி இன்னொரு வழக்குப் போடுவார். இரண்டு நீதிமன்றக் கட்டணம், இரண்டு வாய்தா, இரண்டு நாள் சம்பள இழப்பு. கண்மூடி அனுமதித்தால் கணவரின் காலவரம்பு வாதம் செத்துப்போகும். நாளை நிர்ணயித்து அனுமதித்தால் இரண்டும் காப்பாற்றப்படும். காலவரம்பு விவாதத்துக்குரியதாக இருந்தால் திருத்தத்தை அனுமதித்து அதையே ஓர் எழுவினாவாக்கலாம் என்று 2001-இல் ரகு திலக் வழக்கிலும், அதுவும் தமிழ்நாட்டு வழக்குதான், சொல்லப்பட்டிருக்கிறது.

ஒப்புதலைப் பின்வாங்கும் திருத்தத்தில் நீதிமன்றங்கள் இறுக்கமாக இருக்கின்றன, இருக்கவும் வேண்டும். எதிருரைத் திருத்தத்தைப் பொதுவாக வழக்குரைத் திருத்தத்தைவிடத் தாராளமாகப் பார்ப்பார்கள். ஒன்றுக்கொன்று முரணான எதிர்வாதங்களைக்கூட எடுக்கலாம். ஆனால் தெளிவாக ஒப்புக்கொண்டதை அழித்துவிட்டு வேறு கதை சொல்ல முடியாது என்று 1976-இன் மோடி ஸ்பின்னிங் வழக்கு முதல் சட்டம் நிற்கிறது. இது குடும்ப நீதிமன்றத்தில் எப்படி வருகிறது என்று பாருங்கள். ஜீவனாம்ச மனுவுக்குக் கணவர் எதிருரை போடுகிறார்: 'மனுதாரர் தன் சொந்தச் சம்பாத்தியத்தில் மனை வாங்கியிருக்கிறார், அவருக்கு ஜீவனாம்சம் தேவையில்லை.' சொத்து வழக்கு வந்ததும் அதே மனைக்கு, 'பணம் முழுதும் என்னுடையது, அவர் பெயர் வெறும் பெயருக்குத்தான்' என்று எதிருரையைத் திருத்தக் கேட்கிறார். பினாமிச் சட்டம், 2016-இன் திருத்தத்துக்குப் பிறகு, வெளிப்படையான வருமானத்திலிருந்து மனைவி பெயரில் வாங்கியதை விலக்கியே வைத்திருக்கிறது. ஆகவே அந்த வாதத்தை எடுப்பதையே சட்டம் தடுக்கவில்லை. ஆனால் அதை முதலிலேயே, பணம் எந்தக் கணக்கிலிருந்து எந்தத் தேதியில் போனது என்ற விவரத்தோடு எடுத்திருக்க வேண்டும். வங்கிப் பாஸ்புக் அவரிடம்தானே இருந்தது? காகிதம் கையில் இருந்தவர் தாமதத்துக்குக் காரணம் சொல்ல முடியாது. மனைவிக்குச் சலுகை தரும் அதே அளவுகோல் கணவருக்கு இங்கே கதவை மூடுகிறது. கணவரின் சம்பளத்தையும் பத்திரத்தையும் மனைவி வைத்திருந்த வீடுகளில் இது அப்படியே தலைகீழாகும்.

வழக்கு நடக்கும்போதே நிகழ்பவை வேறு வகை. நடுவில் ஒரு விற்பனைப் பத்திரம், தம்பிக்கு ஒரு விடுதலைப் பத்திரம், வங்கியில் அடமானம். நடந்திராததை முன்னமே எழுப்பியிருக்க யாராலும் முடியாது, வரம்புரை தடுக்காது. சொத்துரிமை மாற்றச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு, வழக்கு நிலுவையில் இருக்கும்போது வாங்கியவரை அந்த வழக்கின் முடிவுக்குக் கட்டுப்படுத்துகிறது. ஆனால் அந்தப் பாதுகாப்பு வழக்குரையில் சரியாக விவரிக்கப்பட்ட சொத்துக்கே முழுமையாகக் கிடைக்கும். பழைய புல எண்ணை மட்டும் எழுதி உட்பிரிவை விட்டிருந்தால், வாங்கியவர் 'நான் வாங்கிய மனை இந்த வழக்கில் இல்லை' என்பார். ஆகவே சொத்து விவரத் திருத்தத்தை வெறும் எழுத்துப்பிழை என்று தள்ளிப்போடுவது ஆபத்து. எல்லை, பரப்பு, பட்டா எண் மாறினாலும் அதே நிலம்தான் என்றால் வழக்கின் தன்மை மாறவில்லை. எந்தக் கட்டத்திலும் அதை அனுமதிக்க நீதிமன்றங்கள் தயங்கக்கூடாது.

நில எடுப்பு இந்தப் பகுதிக்கே உரிய சிக்கல். சிப்காட் பூங்காக்களுக்கு நிலம் எடுக்கப் பயன்படுவது 1997-இல் இயற்றப்பட்ட தமிழ்நாடு தொழில் நோக்கங்களுக்கான நில எடுப்புச் சட்டம். 2019 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் அதைச் செல்லாததாக்கியது. அதே ஆண்டு மாநில அரசு மீட்புச் சட்டம் கொண்டுவந்தது. 2021 ஜூன் 29 அன்று உச்ச நீதிமன்றம் அந்த மீட்புச் சட்டத்தை உறுதிசெய்தது. இந்த இழுபறியில் நிலத்துக்குப் பங்கு கேட்டவர் கையில் ஒரு நாள் நிலம் இருக்காது, இழப்பீட்டுத் தொகை மட்டுமே இருக்கும். அதுவும் பட்டாதாரர் பெயரில். நிலத்தில் பாதி என்று கேட்ட வழக்குரையை இழப்பீட்டில் பாதி என்று திருத்துவது புதிய வழக்கல்ல. நிலத்தின் இடத்தில் பணம் வந்து நிற்கிறது, அவ்வளவே. ஆனால் தொகை வழங்கப்படுமுன் மனு போட வேண்டும். பணம் பட்டாதாரர் கணக்கில் ஏறியபின் தீர்ப்பாணை வாங்கினால் நிறைவேற்றுவது யாரிடம்?

சட்டமே மாறும்போது? இதில் தமிழ்நாட்டுக்கு நீண்ட அனுபவம் உண்டு. கூட்டுக்குடும்பச் சொத்தில் மகளுக்குப் பிறப்புரிமை தந்த மாநிலத் திருத்தம் 1989 மார்ச் 25 முதல் நடப்புக்கு வந்தது. அதற்கு முன் மணமான மகள்களை அது விட்டுவிட்டது. 2005-இன் மத்தியத் திருத்தம் அந்தப் பாகுபாட்டை நீக்கியது. 2020 ஆகஸ்ட் 11-இல் வினீதா சர்மா தீர்ப்பு, தந்தை 2005-இல் உயிரோடிருந்தாரா என்பது பொருட்டல்ல என்றது. இந்த ஒவ்வொரு கட்டத்துக்குப் பின்னும் உரிமையியல் நீதிமன்றங்களில் பங்கைக் கூட்டிக் கேட்கும் திருத்த மனுக்கள் எழுந்தன. இறுதித் தீர்ப்பாணை வரும்வரை பாகப்பிரிவினை வழக்கு முடிந்ததாகாது. முதனிலைத் தீர்ப்பாணைக்குப் பிறகும் பங்குகளை மாற்றலாம் என்று 2011-இல் உச்ச நீதிமன்றம் உறுதிப்படுத்தியிருப்பதால் மகள்களுக்கு வழி கிடைத்தது. எதிர்ப்புறத்தில் சகோதரர்கள் 'அந்தக் காலத்திலேயே வாய்வழிப் பாகம் ஆகிவிட்டது' என்று எதிருரையைத் திருத்தக் கேட்டால், அதை மிகுந்த ஐயத்தோடு பார்க்க வேண்டும். வாய்வழிப் பாகத்தைப் பொது ஆவணச் சான்று இல்லாமல் ஏற்கக்கூடாது என்று வினீதா சர்மா தீர்ப்பே எச்சரிக்கிறது. உண்மையில் பாகம் ஆகியிருந்தால் முதல் எதிருரையின் முதல் பத்தியே அதுவாக இருந்திருக்கும்.

கணவன்–மனைவி சொத்தில் இதற்கு இணையான மாற்றம் 2023 ஜூன் 21 அன்று வந்தது. கணவர் வெளிநாட்டில் சம்பாதிக்க, வீட்டையும் பிள்ளைகளையும் பார்த்துக்கொண்ட மனைவியின் உழைப்பும் சொத்து வாங்கியதில் பங்களிப்பே என்று சென்னை உயர் நீதிமன்றத்தின் நீதிபதி கிருஷ்ணன் ராமசாமி தீர்ப்பளித்தார். தனி நீதிபதியின் தீர்ப்பு என்றாலும் அதன் விளைவு பெரிது. நகை விற்றதையும் சீட்டுப்பணம் கட்டியதையும் மட்டும் எழுதிய வழக்குரைகளில், வீட்டு உழைப்பையும் ஓர் உரிமை மூலமாகச் சேர்க்கக் கேட்கலாம். தீர்ப்பு புதிது என்பது மட்டும் போதிய காரணமாகாது. சட்டத்தை வாதத்தில் சொல்லலாம், நிகழ்ச்சிகளை வழக்குரையில் சொல்லியாக வேண்டும். எத்தனை ஆண்டு, எந்த வீட்டில், யார் யாரைப் பார்த்துக்கொண்டார், அதனால் கணவரின் எந்தச் செலவு மிஞ்சியது என்பவை வழக்குரையில் இல்லையென்றால் அது பற்றிய சாட்சியம் எடுபடாது. இந்த நிகழ்ச்சிகள் எதிர்த்தரப்புக்குப் புதியவை அல்ல; அவரும் அதே வீட்டில் இருந்தவர்தான். அவருக்குத் திகைப்பு இல்லாத இடத்தில் தீங்கும் இல்லை.

குடும்ப நீதிமன்றங்கள் சட்டத்துக்குத் திரும்புகிறேன். 10-ஆம் பிரிவு உரிமையியல் விசாரணை முறைச் சட்டம் பொருந்தும் என்கிறது. ஆனால் அதே பிரிவின் 3-ஆம் உட்பிரிவு, சமரசத்தையோ உண்மையையோ எட்டும்பொருட்டு நீதிமன்றம் தன் சொந்த நடைமுறையை வகுத்துக்கொள்வதை எதுவும் தடுக்காது என்கிறது. 13-ஆம் பிரிவில் வழக்கறிஞரை வைத்துக்கொள்வது தரப்பினரின் உரிமையே அல்ல. 14-ஆம் பிரிவு சாட்சியச் சட்டத்தின் இறுக்கத்தையே தளர்த்துகிறது. வழக்கறிஞர் இல்லாமல் ஒரு பெண் தானே மனு எழுதும் சூழலை ஏற்படுத்திவிட்டு, அந்த மனுவில் விடுபட்டதற்கு வணிக வழக்கின் கண்டிப்பைக் காட்டுவது சட்டத்தின் நோக்கத்துக்கு முரண். 2002-இன் வரம்புரை குடும்ப நீதிமன்றத்தில் பொருந்தாது என்று நான் சொல்லவில்லை. உரிய கவனம் எது என்று அளக்கும்போது அந்த 3-ஆம் உட்பிரிவைத் துணைக்கு எடுத்துக்கொள்ள நீதிபதிக்கு அதிகாரம் இருக்கிறது என்கிறேன். இழுத்தடிப்பைத் தடுக்க வேறு கருவிகள் உள்ளன: செலவுத்தொகை, கூடுதல் எதிருரைக்குக் குறுகிய கெடு, திருத்தத்தால் எழும் விஷயத்துக்கு மட்டும் மறு குறுக்குவிசாரணை.

திருத்த மனுவில் உத்தரவு எதுவானாலும் அதன்மேல் மேல்முறையீடு கிடையாது. குடும்ப நீதிமன்றங்கள் சட்டத்தின் 19-ஆம் பிரிவு இடைக்கால உத்தரவுகளை விலக்கிவிட்டது. அரசியலமைப்பின் 227-ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு போடுவதுதான் வழி. தடை உத்தரவு கிடைத்தால் மூல வழக்கு அப்படியே நிற்கும். இதனாலேயே திருத்த மனுவோடு தாக்கலாகும் உறுதிமொழிப் பத்திரம் வழக்கின் மிக முக்கியமான காகிதமாகிறது. 'கவனப்பிசகால் விடுபட்டது' என்ற ஒரு வரி போதாது. பத்திரம் யாரிடம் இருந்தது, முதலில் எந்தத் தேதியில் எந்த ஆவணத்திலிருந்து தெரியவந்தது, வில்லங்கச் சான்றுக்கு எப்போது மனு செய்தது, சான்று எப்போது கைக்கு வந்தது, அதிலிருந்து இன்றுவரை என்ன செய்தது என்று தேதி தேதியாக எழுத வேண்டும். அனுமதி கிடைத்துவிட்டால் 6-ஆம் கட்டளையின் 18-ஆம் விதியைப் பார்க்க வேண்டும். உத்தரவில் காலம் குறிக்கப்படாவிட்டால் 14 நாளுக்குள் திருத்திய வழக்குரை நீதிமன்றத்தில் இருக்க வேண்டும். அதற்குமேல் நீதிமன்றம் கெடுவை நீட்டித்தாலொழிய திருத்தும் உரிமை போய்விடும்.